மோதிரத்தைத் தொலைக்க ஒரு யுத்தம்

மந்திரவாதிகள் சண்டை என்றால் ஒரு மாயப் பொருளைக் கைப்பற்ற இரண்டு கோஷ்டி அடித்துக்கொள்ளும். ஆக்ஸ்ஃபோர்டு பேராசிரியர் டோல்கீன் 1954-55ல் மூன்று பாகமாக வெளியிட்ட 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' கதையில் விவகாரம் தலைகீழ். மோதிரம் ஆரம்பத்திலேயே நல்லவர்கள் கையில். அதை எப்படித் தொலைப்பது என்பதுதான் யுத்தமே! (ஆடிட்டர் பாஷையில், 'ரைட் ஆஃப்'.)

நீங்களே வெச்சுக்குங்களேன் என்று பொடியன் ஃப்ரோடோ நீட்ட, மந்திரவாதி கேண்டால்ஃப் அலறுகிறார். நல்லது செய்யப்போய், எதிரி சௌரான் மாதிரியே ஆகிவிடுவோமோ என்று பயம். அவருடைய சீனியர் சாருமானுக்கு அந்த பயமெல்லாம் கிடையாது. ஆள் காலி.

இது இரண்டாம் உலகப் போர்க் கதையா? இல்லவே இல்லை என்று இரண்டாம் பதிப்பு முன்னுரையில் மறுத்தார் டோல்கீன். அப்படியென்றால் மோதிரத்தை நல்லவர்களே சௌரான்மேல் பிரயோகித்திருப்பார்களாம். சாருமானும் சொந்தமாக ஒன்று தயாரித்திருப்பானாம். அமெரிக்கா அணுகுண்டு போட்டது 1945ல். சோவியத் யூனியன் சொந்தமாக ஒன்று வெடித்தது 1949ல்.

கதையிலும் கடைசி நிமிஷம் கொஞ்சம் உதறல்தான். எரிமலை விளிம்புவரை வந்த ஃப்ரோடோ, போட மாட்டேன் என்று மோதிரத்தை மாட்டிக்கொண்டுவிட்டான். பழைய சொந்தக்காரன் கோல்லம் விரலோடு கடித்துப் பிடுங்கி, குஷியில் குதித்து, கால் தவறி நெருப்பில் விழுந்தான். உலகம் பிழைத்தது அப்படித்தான்.