மலைக்கு எந்தப் பக்கம் மழை?

சமூக அறிவியல் தேர்வில் உலக வரைபட வினா வந்தால் பிள்ளைகளுக்குக் கொண்டாட்டம். ஆண்டிஸ் தென் அமெரிக்காவின் மேற்கு விளிம்பில், ராக்கி வட அமெரிக்காவில், ஆல்ப்ஸ் ஐரோப்பாவில், அட்லஸ் ஆப்பிரிக்காவின் வடமேற்கு மூலையில் என்று பழுப்புப் பென்சிலால் நெளிநெளியாக இழுத்துவிட்டால் மதிப்பெண் நிச்சயம். தேனி மாவட்டத்தில் பல வருடம் புவியியல் நடத்திய நானும் அந்தக் கோடுகளுக்குத் தாராளமாக மதிப்பெண் போட்டவன்தான். ஆனாலும் கோடு போட்டதோடு பாடம் முடிந்தது என்பதை ஏற்க மனம் வரவில்லை. மலை எங்கே இருக்கிறது என்று கேட்கிறோம். அதன் எந்தப் பக்கம் மழை பெய்கிறது என்று கேட்பதே இல்லை.

எங்கள் கம்பம் பள்ளத்தாக்கில் இதைப் புத்தகம் இல்லாமலே சொல்லித்தரலாம். தென்மேற்குப் பருவக்காற்று மேற்குத் தொடர்ச்சி மலையில் மோதி, கேரளப் பக்கம் கொட்டித் தீர்த்துவிடும். மலையைத் தாண்டி நம் பக்கம் இறங்கும்போது அதில் ஈரம் அதிகம் மிச்சமிருக்காது. அதனால்தான் மேற்கே ஓடிய பெரியாற்றைத் தடுத்து, மலையைக் குடைந்து கிழக்கே திருப்பினார் பென்னிகுவிக். 1895இல் திறந்த அந்த அணையின் தண்ணீர்தான் இன்றும் கூடலூர், கம்பம் வயல்களை நனைத்து, வைகை வழியாக மதுரை, சிவகங்கை, ராமநாதபுரம் வரை போகிறது.

பெரு நாட்டிலும் இதே கதைதான். அங்கே ஈரக்காற்று கிழக்கிலிருந்து வருகிறது. ஆண்டிஸின் கிழக்குச் சரிவில் அமேசான் காடு. மேற்கே, குளிர்ந்த கடல் நீரோட்டமும் சேர்ந்துகொள்ள, கடலோரப் பாலைவனம். ஓல்மோஸ் என்ற இடத்தில் மலைக்குள் சுமார் 20 கி.மீ. சுரங்கம் தோண்டி, அமேசானுக்குப் போகும் வான்காபம்பா ஆற்றை மேற்கே திருப்பியிருக்கிறார்கள். அமெரிக்காவின் கொலராடோவில் ராக்கி மலைக்கு அடியில் போகும் ஆடம்ஸ் சுரங்கம், 1947 முதல் மேற்குச் சரிவின் நீரைக் கிழக்குச் சமவெளிக்குக் கொடுக்கிறது. ஆஸ்திரேலியாவில் 1949 முதல் 1974 வரை கட்டிய ஸ்னோயி மலைத் திட்டமும், தென்கிழக்கே கடலுக்கு ஓடிய நீரை உள்நாட்டுக்குத் திருப்பியதுதான். இந்த மூன்றுக்கும் எங்கள் பெரியாறு வயதில் மூத்தது. ஊர்ப் பெருமைக்காகச் சொல்லவில்லை. சரி, கொஞ்சம் பெருமையும் உண்டு.

ஆண்டிஸிலேயே இன்னும் தெற்கே போனால் எல்லாம் தலைகீழ். அங்கே வீசுவது மேலைக் காற்று. சிலியின் தென்பகுதியில் அடைமழை. மலைக்குக் கிழக்கே அர்ஜென்டினாவின் பட்டகோனியா காய்ந்து கிடக்கிறது. ஒரே மலைத்தொடர், இரண்டு விடை. மனப்பாடம் செய்த பிள்ளை இங்கே மாட்டிக்கொள்ளும். காற்றின் திசையைக் கேட்கத் தெரிந்த பிள்ளை தப்பித்துக்கொள்ளும்.

பாடத்தை முடிக்கவே நேரமில்லை என்பார்கள் ஆசிரியர்கள். நியாயம்தான். நான் கூடுதல் பாடம் கேட்கவில்லை. வினாத்தாள் தயாரிப்பவர்கள் ஆண்டிஸைக் குறிக்கச் சொன்ன கையோடு, வடக்கே அதன் எந்தப் பக்கம் வறட்சி, தெற்கே எந்தப் பக்கம், ஏன் என்று ஒரு வரி சேர்த்துக் கேட்கட்டும். கோட்டுக்கு ஒரு மதிப்பெண் போதும். காரணத்துக்கு இரண்டு கொடுங்கள்.