விருந்தோம்பலும் தோழமையும்

திருவனந்தபுரத்தில் ஸ்ரீவராகத்தையொட்டிய மணக்காட்டில், ஆற்றுக்கால் பொங்கல் நாளன்று பள்ளிவாசல் தன் வளாகத்தைப் பக்தர்களுக்குத் திறந்துவிடுகிறது. போற்றத்தக்க மரபு இது. எனினும் மதநல்லிணக்கம் திருவிழா நாளின் விருந்தோம்பலோடு நின்றுவிடலாகாது. இதே மாவட்டத்தில் வாழ்ந்த வக்கம் மௌலவியின் பணி அதற்குச் சான்று.

1873இல் பிறந்த வக்கம் அப்துல் காதர் மௌலவி இஸ்லாமிய மார்க்க அறிஞர். எகிப்தின் ரஷீத் ரிளா போன்றோரின் சீர்திருத்தக் கருத்துகளைக் கேரளத்தில் பரப்பியவர். ‘முஸ்லிம்’, ‘அல் இஸ்லாம்’ இதழ்களின் வழியே மூடப்பழக்கங்களைச் சாடினார்; பெண்கல்விக்காக வாதாடினார். ஆனால் 1905இல் அவர் தொடங்கிய ‘சுதேசாபிமானி’ மார்க்க ஏடன்று. திருவிதாங்கூர் மக்கள் அனைவருக்குமான ஏடு. 1906இல் அதன் ஆசிரியர் பொறுப்பை கே.ராமகிருஷ்ண பிள்ளையிடம் ஒப்படைத்தார். அவரது எழுத்துச் சுதந்திரத்தில் தலையிடவில்லை.

திவான் பி.ராஜகோபாலாச்சாரியின் ஆட்சியை ஏடு கடுமையாக விமர்சித்தது. 1910 செப்டம்பர் 26 அன்று அச்சகம் பறிமுதலானது. பிள்ளை நாடு கடத்தப்பட்டார். பெரும் பொருளிழப்புக்கு ஆளான மௌலவி, அச்சகத்தை மீட்க மன்னராட்சியிடம் மண்டியிடவில்லை. பிள்ளையோ 1912இல் காரல் மார்க்சின் வரலாற்றை மலையாளத்தில் எழுதி வெளியிட்டார். அச்சகம் மௌலவியின் குடும்பத்தாரிடம் திரும்பியது, இ.எம்.எஸ். முதலமைச்சராக இருந்த காலத்தில்தான்.

தன் சமூகத்துக்குள் பிற்போக்கை எதிர்ப்பது, பிற மதத்தாரோடு கைகோத்து ஆளும் வர்க்கத்தை எதிர்ப்பது: இவ்விரண்டையும் ஒருசேரச் செய்தார் மௌலவி. மதங்களுக்கிடையே உரையாடல் நடத்தும் மேடைகள் தேவைதான். ஆயினும் சங் பரிவாரம் விதைக்கும் பகைமையை மேடைப் பேச்சு மட்டும் வீழ்த்தாது. உரிமைக்காக ஒன்றாகப் போராடி, ஒன்றாக இழப்பைத் தாங்கியவர்களைப் பிரிப்பது எளிதன்று.