நீரில் இறங்கும் முன்



சில ஆண்டுகளுக்கு முன், பொதுத்தேர்வு நெருங்கிய ஒரு ஞாயிறன்று, நம் பங்கு மாணவர்களின் பேனாக்களை மந்திரித்துக் கொடுத்தேன். "செபித்துவிட்டு எழுதுங்கள், வெற்றி நிச்சயம்" என்றும் பீடத்தில் நின்று கூறினேன். முடிவுகள் வெளியான மறுநாள் ஒரு தாய் என்முன் வந்து நின்றார். "சாமி, என் மகன் ஒரு நாள்கூடச் செபமாலையை விட்டதில்லை. மாதா ஏன் அவனைக் கைவிட்டார்கள்?" என்று கேட்டார். ஏதோ ஆறுதல் சொல்லி அனுப்பினேன், விடை சொல்லவில்லை. அந்த மகன் அதன்பின் கோயிலுக்கு வருவதையே நிறுத்திவிட்டான்.

அக்கேள்வி என் உள்ளத்தில் முள்ளாய்த் தைத்துக் கிடந்தது. அதற்கு ஒரு விடையை, நான் எதிர்பாராத இடத்தில், ஒரு நீச்சல் வீராங்கனையின் வாழ்க்கையில் கண்டேன்.

அவர் பெயர் கேட்டி லெடெக்கி. 1997-ஆம் ஆண்டு அமெரிக்கத் தலைநகர் வாஷிங்டனில், கத்தோலிக்கக் குடும்பம் ஒன்றில் பிறந்தவர். வளர்ந்தது அதன் அருகிலுள்ள பெத்தெஸ்தா என்னும் ஊரில். முப்பத்தெட்டு ஆண்டுகள் நோயுற்றிருந்த ஒருவனை நம் ஆண்டவர் குணமாக்கியது எந்தக் குளத்தருகே என்று யோவான் நற்செய்தி கூறுகிறதோ, அந்தக் குளத்தின் பெயரே அவ்வூருக்கும். முதலில் சிறுமலர் பள்ளியிலும், பின்னர்த் திரு இருதயப் பள்ளியிலும் கல்வி பயின்றார். ஆறு வயதில், தம் அண்ணனுடன் சேர்ந்து, நீச்சல் அணியில் இடம்பெற்றார். அவருடைய தாயும் கல்லூரி நாட்களில் நீச்சல் வீராங்கனையாய் இருந்தவரே.

2012-ஆம் ஆண்டு இலண்டன் ஒலிம்பிக்கிற்குச் சென்ற அமெரிக்க அணியில் வயதில் மிக இளையவர் இவரே. பதினைந்தே வயது. ஆகஸ்ட் 3-ஆம் நாள் 800 மீட்டர் போட்டியில் தங்கம் வென்றார். நான்கு ஆண்டுகளுக்குப் பின் ரியோ நகரில் நான்கு தங்கமும் ஒரு வெள்ளியும் பெற்றார். அங்கு அதே 800 மீட்டரை 8 நிமிடம் 4.79 வினாடிகளில் கடந்து உலகச் சாதனை படைத்தபோது, அடுத்து வந்தவர் பதினொரு வினாடிகளுக்கு மேல் பின்தங்கியிருந்தார். நூறில் ஒரு பங்கு வினாடி வெற்றியைத் தீர்மானிக்கும் விளையாட்டில் இது வியத்தகு இடைவெளி அன்றோ!

போட்டிக்கு முன் "அருள் நிறைந்த மரியே" செபத்தைச் சொல்வது தம் வழக்கம் என்றும், அது தமக்கு அமைதி தருகிறது என்றும் இவர் வெளிப்படையாகவே கூறியிருக்கிறார். இதைக் கேட்டதும், "பார்த்தீர்களா, செபித்தார், வென்றார்!" என்று சொல்ல நம் நா துடிக்கும். சற்றுப் பொறுங்கள்; டோக்கியோவையும் பார்ப்போம்.

பெருந்தொற்றின் காரணமாக அந்த ஒலிம்பிக் 2021-இல் நடந்தது. முந்தைய ஆண்டில் நீச்சல் குளங்கள் மூடப்பட்டபோது, ஒரு வீட்டின் பின்புறத்துக் குளத்தில் இவர் பயிற்சியைத் தொடர்ந்திருந்தார். இத்தனை உழைத்தும், 400 மீட்டரில் ஆஸ்திரேலியாவின் அரியார்ன் டிட்மஸ் இவரை முந்தினார். ஒலிம்பிக் தனிப்போட்டி ஒன்றின் இறுதியில் இவர் தோற்றது அதுவே முதன்முறை. அடுத்து, ஜூலை 28-ஆம் நாள், 200 மீட்டரில் ஐந்தாம் இடம், பதக்கமே இல்லை. ஆயினும் ஒரு மணி நேரத்திற்குச் சற்றுக் கூடுதலான இடைவெளியில் மீண்டும் நீரில் இறங்க வேண்டியிருந்தது. பெண்களுக்கு ஒலிம்பிக்கில் முதன்முதலாகச் சேர்க்கப்பட்ட 1500 மீட்டர் போட்டி அது. ஐம்பது மீட்டர் குளத்தில் முப்பது முறை நீந்த வேண்டும். இவர் நீந்தினார், தங்கம் வென்றார்.

அந்த ஒரு மணி நேரத்தைத்தான் நான் திரும்பத் திரும்ப எண்ணிப் பார்க்கிறேன். தோல்வியின் ஈரம் உலராத நிலையில் ஒருவரை மீண்டும் கரையிலிருந்து குதிக்கச் செய்வது எது? உழைப்பு உண்டு; உடல் வலிமை உண்டு. இவர் சொல்லும் அந்தச் செபமும் உண்டு. அச்செபத்தை நாமும் நாள்தோறும் சொல்கிறோம். அதில் வெற்றியைக் கேட்கும் சொல் ஒன்றேனும் உண்டா? இல்லை. முதலில் அன்னையை வாழ்த்துகிறோம். பிறகு பாவிகளாகிய நமக்காக மன்றாடும்படி கேட்கிறோம். அதற்கு இரண்டே வேளைகளைக் குறிப்பிடுகிறோம்: இந்த வேளை, இறக்கும் வேளை. இந்த வேளை என்பது வெற்றியின் வேளையாகவும் இருக்கலாம், தோல்வியின் வேளையாகவும் இருக்கலாம். எதுவாயினும் அன்னை உடனிருக்கிறார் என்பதே அச்செபத்தின் உறுதி.

ஒலிவத் தோட்டத்தில் நம் ஆண்டவரும் துன்பக் கிண்ணம் அகல வேண்டுமென மன்றாடினார். கிண்ணம் அகலவில்லை, அதைப் பருகும் திடன் கிடைத்தது. அவரது செபம் வீண் என்று யாரும் சொல்லத் துணிவோமா?

2024-இல் பாரிஸ் நகரில் 400 மீட்டரில் லெடெக்கி பெற்றது வெண்கலமே. ஆனால் 1500 மீட்டரிலும் 800 மீட்டரிலும் தங்கம் பெற்றார். 800 மீட்டரில் தொடர்ந்து நான்காவது ஒலிம்பிக் தங்கம் அது. பன்னிரண்டு ஆண்டுகளுக்கு முன் இலண்டனில் வென்ற அதே ஆகஸ்ட் 3-ஆம் நாளில் அதை வென்றார். பாரிஸ் முடிந்தபோது இவரிடம் இருந்தவை ஒன்பது தங்கம், நான்கு வெள்ளி, ஒரு வெண்கலம். தோற்ற நாட்களும் அந்தப் பதினான்கினுள் அடங்கியிருக்கின்றன.

பெற்றோரே, தேர்வு முடிவு வரும் நாளில், மதிப்பெண்ணைப் பார்க்குமுன் குடும்பமாய் ஒரு முறை "அருள் நிறைந்த மரியே" சொல்லுங்கள். பார்த்த பின்னும் ஒரு முறை சொல்லுங்கள். இரண்டாவது முறை சொல்லும்போது பிள்ளையின் தோளில் உங்கள் கை இருக்கட்டும்.

அண்மையில் அந்தத் தாயின் இல்லத்திற்குச் சென்றேன். "மாதா உங்கள் மகனைக் கைவிடவில்லை, அம்மா. பீடத்தில் நின்று தவறான வாக்குக் கொடுத்தவன் நான்தான்" என்று சொல்லி மன்னிப்புக் கேட்டேன். மகன் திண்ணையில் அமர்ந்து கேட்டுக்கொண்டிருந்தான், ஒன்றும் பேசவில்லை. இன்னும் அவன் பூசைக்கு வரவில்லை. அவனுக்காக ஒரு "அருள் நிறைந்த மரியே" சொல்லுங்கள்.

வரும் தேர்வுக் காலத்திலும் பேனாக்களை மந்திரிப்பேன். ஆனால் வெற்றி நிச்சயம் என்று சொல்ல மாட்டேன். அன்னை உடனிருப்பார் என்று மட்டுமே சொல்வேன்.