முகத்தைக் கண்டவர்களே மெய்யைக் கண்டவர்களா?

சிறார் பாலியல் குற்றவழக்கில் தண்டிக்கப்பட்ட கார்டினல் ஜார்ஜ் பெல்லை ஆஸ்திரேலிய ஹைகோர்ட்டின் ஏழு நீதிபதிகளும் ஒருமனதாக விடுதலை செய்த 2020 ஏப்ரல் 7 முதல், சிட்னியின் நார்த்மீட்டில் நம்மவர் கூடுமிடமெல்லாம் ஒரு வாசகம் ஒலித்துவருகிறது: "சாட்சியை நேரில் பார்த்த ஜூரிகள் நம்பினார்கள், பாராத நீதிபதிகள் காகிதத்தைப் புரட்டி மாற்றிவிட்டார்கள்." அண்மையில் ஒரு மேடையிலும் இதையே சட்டஞானம் போல ஒருவர் முழங்கக் கேட்டேன். இனியும் மௌனமாயிருப்பது தர்மமன்று.

காகிதம் மட்டுமே பார்க்கப்பட்டது என்பது முதற்பிழை. விக்டோரியா மேல்முறையீட்டு நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகளும் புகார் கூறியவரின் வாக்குமூலப் பதிவைத் திரையில் கண்டார்கள்; கண்டும், இருவர் குற்றம் என்றனர், ஒருவர் அன்று என்றார். ஹைகோர்ட்டோ அவரைப் பொய்யர் என்று எங்கும் சொல்லவில்லை. ஜூரி நம்பியதை அப்படியே ஏற்றுக்கொண்டு, பூசை முடிந்ததும் தேவாலய வாசற்படியில் நின்று மக்களோடு பேசுவது அப்போது ஆர்ச்பிஷப்பாயிருந்த பெல்லின் வழக்கம், உடைமாற்றும் அறையில் அந்நேரம் பலர் வந்துபோய்க்கொண்டிருப்பார்கள் என்ற மற்றச் சாட்சியங்களுக்குப் பின்னும் நியாயமான சந்தேகம் எழாமலிருக்குமா என்றே வினவிற்று.

ஜூரிக்கு அவமானம் என்பார்க்கு ஒரே பதில்: நியாயத்துக்கு ஒவ்வாத தீர்ப்பை ரத்துசெய்யும் அதிகாரத்தை, நம் நியூ சவுத் வேல்ஸ் மாநிலச் சட்டசபையே 1912-ஆம் ஆண்டின் குற்றவியல் மேல்முறையீட்டுச் சட்டத்தில் வழங்கியிருக்கிறது.

என்னை உறுத்துவது, முகம் பொய் சொல்லாது என்ற அந்த நம்பிக்கைதான். பரமட்டா நீதிமன்றத்தில் நம் ஊர்ப் பெரியவர் ஒருவர் சாட்சிக்கூண்டில் நிற்பதாக நினைத்துப் பாருங்கள். பெரியோர் முன்னே கண்ணைத் தாழ்த்துவதே மரியாதை என்று வளர்ந்தவர். கேள்வி கேட்டவுடன் பதறாமல் சற்று நிதானித்துப் பேசுபவர். அவர் தமிழில் சொல்வதை மொழிபெயர்ப்பாளர் தம் குரலில், தம் சொல்லில் ஆங்கிலமாக்கி வைக்கிறார். அவருடைய குனிந்த பார்வையைக் குற்ற உணர்வென்றும், நிதானத்தைப் புனைவென்றும் அந்நியர் பன்னிருவர் கொண்டால், அவரைக் காப்பாற்றுவது எது? பொறுமையோடு பதிவேட்டைப் படிக்கும் நீதிபதியின் கண்ணன்றி வேறில்லை. நேரில் கண்ட தோற்றத்தைத் தடயம் வென்றதும் உண்டு: 2003-ல் ஹைகோர்ட் தீர்ப்பளித்த, சிவில் விவகாரமான ஃபாக்ஸ் எதிர் பெர்சி விபத்து வழக்கில், விசாரணை நீதிபதி குதிரையில் வந்த பெண்மணியின் சாட்சியத்தை நம்பினார். ஆனால் சாலையில் பதிந்த சக்கரத் தடங்களோ, எதிரே வந்த வேன் தன் பக்கத்திலேயே வந்ததைக் காட்டின. மேல்நீதிமன்றம் தடங்களை நம்பிற்று. ஹைகோர்ட்டும் அதையே உறுதிசெய்தது.

சாட்சியை நேரில் கண்டவரின் அபிப்பிராயத்துக்குத் தக்க மதிப்புக் கொடுக்கவேண்டியதே. 1934-லேயே பிரிவி கவுன்சில் அவ்வாறு கூறியதோடு, சாட்சியம் முழுவதையும் மீண்டும் ஆராயும் உரிமை மேல்நீதிமன்றத்துக்கு உண்டென்றும் சொல்லிவிட்டது.

நம் சென்னையிலேயே இதற்குச் சான்றுண்டு. லட்சுமிகாந்தன் கொலை வழக்கில், சாட்சிகளையெல்லாம் நேரில் கண்ட ஜூரியின் முடிவின்மேல்தான் 1945-ல் திரைநடிகர்கள் தியாகராஜ பாகவதருக்கும் என்.எஸ். கிருஷ்ணனுக்கும் ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டது. முதல் அப்பீல் தள்ளுபடியாகி, பிரிவி கவுன்சில் வழக்கைச் சென்னைக்கே திருப்பியனுப்ப, 1947-ல் சென்னை ஹைகோர்ட் நீதிபதிகள் பதிவேட்டைப் படித்தே இருவரையும் விடுவித்தனர். ஜூரி கண்ட முகமே முடிவு என்பவர்கள், அவ்விருவரும் சிறையிலேயே கிடந்திருக்கவேண்டும் என்று நம் மக்கள் முன்னே சொல்லட்டும்.