உடைந்த வாக்குறுதி: ருக்மணிதேவியும் நமது வெற்றுப் பெருமையும்

சிங்களத் திரைப்படத்தின் முதற் கதாநாயகி ஒரு தமிழச்சி என்றும், அவர் நமது மலைநாட்டிற் பிறந்தவர் என்றும் பெருமிதத்தோடு கூறுவது நம்மவரிடையே ஒரு வழக்கமாகிவிட்டது. மேடைகளிலே இக்கூற்றுக்குக் கைதட்டல் கிடைக்கின்றது. கட்டுரைகளிலே இது முத்தாய்ப்பாக அமைகின்றது. மலையகம் கலைக்கு என்ன தந்தது என்று எவரேனும் வினவிவிட்டால், றம்பொடையிற் பிறந்த ருக்மணிதேவி உடனே சாட்சிக்கு அழைக்கப்படுகின்றார். பதுளை மாவட்டத்துத் தோட்டமொன்றின் லயத்திலிருந்து பல்கலைக்கழகம் வந்தவள் என்ற வகையில், இந்தப் பெருமையில் எனக்குப் பங்கு வேண்டாம் என்று கூறவே இக்கட்டுரையை எழுதுகின்றேன். அவரது கலையை நான் குறைத்து மதிப்பவளல்லள். அவரது பிறப்பைக் கொண்டாடுகின்ற நாம், அவரை உருவாக்கியவை எவை என்று கேட்க மறுக்கின்றோம் என்பதே எனது குற்றச்சாட்டு.

முதலில் அவரது வரலாற்றை நோக்குவோம். 1923ஆம் ஆண்டு ஜனவரி 15ஆந் திகதி றம்பொடையில், கொழும்புச் செட்டிக் கிறிஸ்தவக் குடும்பமொன்றில் அவர் பிறந்தார். பெற்றோர் இட்ட பெயர் டெய்சி ராசம்மா டானியல்ஸ். சிறுமியாயிருந்தபோதே சிங்கள மேடையில் சீதையாக வேடமேற்றார். 1930களின் இறுதியில் எச். டபிள்யூ. ரூபசிங்கவுடன் சேர்ந்து அவர் பாடிய ‘சிறி புத்தகயா விகாரே’ என்ற பௌத்த பக்திப் பாடல் இசைத்தட்டாக வெளிவந்து நாடெங்கும் ஒலித்தது. கிறிஸ்தவப் பெண்ணொருத்தி, இந்துப் புராணப் பெயரொன்றைத் தாங்கி, பௌத்த பக்திப் பாடலைப் பாடிப் புகழடைந்தாள். இலங்கைப் பண்பாட்டின் சிக்கலான இழைகள் அனைத்தும் அந்த ஒரு குரலிலே பின்னிக் கிடந்தன.

1947ஆம் ஆண்டு ஜனவரி 21ஆந் திகதி முதலாவது சிங்களப் பேசும்படமாகிய ‘கடவுனு பொறொந்துவ’ கொழும்பிலே திரையிடப்பட்டது. அதன் கதாநாயகி ருக்மணிதேவி. அந்தப் படத்தை ஆக்கியவர்கள் யாவர்? மூலநாடகம் நீர்கொழும்பு மினர்வா நாடகக் குழுவின் பீ. ஏ. டபிள்யூ. ஜயமான்னவுடையது. தயாரித்தவர் தமிழரான எஸ். எம். நாயகம். நெறிப்படுத்தியவர் வங்காளியான ஜோதிஷ் சிங். படம் பிடிக்கப்பட்ட இடமோ மதுரை. உடன் நடித்தவர்களுள் ஒருவர், நாயகியின் கணவரான எடி ஜயமான்ன. சிங்களத் தேசியத் திரைப்படத்தின் தொட்டில் தமிழ்நாட்டிலே ஆடியது என்பதைச் சிங்களப் பேரினவாதிகள் மறக்க விரும்புகின்றனர். அதே தொட்டிலில் நீர்கொழும்புச் சிங்களக் கலைஞரும் வங்காளத்து நெறியாளரும் கைவைத்து ஆட்டினர் என்பதை நம்மவர் மறக்க விரும்புகின்றனர். இரு மறதிகளும் ஒரே நோயின் இரு குறிகளேயாகும்.

இத்திரைப்படத்தின் தலைப்புக்குத் தமிழிலே ‘உடைந்த வாக்குறுதி’ என்று பொருள். அந்தச் சொற்றொடரை மலையகத்தவர் வாசிக்க வேண்டிய முறை வேறு. அப்படம் வெளிவந்த அதே 1947ஆம் ஆண்டில் நடைபெற்ற பொதுத் தேர்தலில் இலங்கை இந்தியக் காங்கிரஸ் ஏழு ஆசனங்களை வென்றது. அவற்றுள் ஒன்று பதுளை. அங்கு வென்றவர் எஸ். எம். சுப்பையா. நமது பாட்டனாரும் பாட்டிமாரும் வாக்களித்துத் தம் பிரதிநிதியைப் பாராளுமன்றத்துக்கு அனுப்பினர். அடுத்த ஆண்டே, 1948இல், பிரஜாவுரிமைச் சட்டம் வந்தது. 1949இல் வாக்குரிமையும் பறிபோயிற்று. 1964இல் இரு பிரதமர்கள் தம்முள் உடன்படிக்கை செய்து, 5,25,000 பேர் இந்தியாவுக்கென்றும் 3,00,000 பேர் இலங்கைக்கென்றும் பங்கிட்டனர். எஞ்சிய 1,50,000 பேரின் கதியைப் பின்னர் பார்த்துக்கொள்ளலாமென்று ஒதுக்கி வைத்தனர். எஞ்சியிருந்த நாடற்றோர்க்கு 2003ஆம் ஆண்டின் சட்டமே பிரஜாவுரிமை தந்தது.

ஒரே ஆண்டில் தொடங்கிய இரு வரலாறுகள் இவை. றம்பொடையிற் பிறந்த ஒருவர் இந்நாட்டு மக்களின் உள்ளங்களிலே அரசியாக வீற்றிருக்கத் தொடங்கினார். அதே மலைகளிற் பிறந்த இலட்சக்கணக்கானோர் இந்நாட்டவரே அல்லர் என்று விலக்கப்பட்டனர். அவர் பிறந்த மலை நமது மலைதான்; ஆனால் அவர் பிறந்த வாழ்வு நமது வாழ்வன்று. கொழும்புச் செட்டிகள் நூற்றாண்டுகளாக இத்தீவில் வேரூன்றிய, நகர வாழ்விலும் கல்வியிலும் முன்னேறிய ஒரு தனிச் சமூகத்தினர். அவர்களது வரலாற்றை ‘தமிழச்சி’ என்ற ஒற்றைச் சொல்லாலே மூடி, அதன்மேல் மலையகத்தின் முத்திரையையும் குத்துவது வரலாறாகாது. இல்லாத சொத்துக்கு எழுதப்படும் உறுதியாகவே அது முடியும்.

சாவித்திரி தெலுங்குப் பெண். சரோஜாதேவி கன்னடப் பெண். எனினும் லயத்துச் சுவர்களிலே அவர்களது படங்களை ஒட்டிவைத்த நமது பெற்றோர் அவர்களின் குலமுறையை விசாரித்தனரா? நடிப்பை நேசித்தனர், அவ்வளவே. அத்தகைய பரந்த மனத்தையுடைய மக்களுக்கு, ருக்மணிதேவியின் கலையை அறிமுகப்படுத்தாமல் அவரது பூர்விகத்தை மாத்திரம் ஊட்டுவது யாருடைய பிழை? அவரது பிறப்பிடத்தை ஒப்புவிக்கின்ற நம்முள் எத்தனை பேர் அவரது படமொன்றை முழுமையாகப் பார்த்திருக்கின்றோம்? அவரது பாடலொன்றின் பொருளை அறிந்திருக்கின்றோம்?

ருக்மணிதேவியை உருவாக்கியது இரத்தமன்று. கொழும்பிலே பள்ளிக் கல்வி கிடைத்தது. பெண் குழந்தையை மேடையேற்ற அஞ்சாத சூழலிருந்தது. ஒலிப்பதிவுக் கூடமும் ஒழுங்காக நாடகம் போடும் குழுவும் எட்டும் தூரத்தில் இருந்தன. இந்த உண்மை நமது தீவுக்கு மாத்திரம் உரியதன்று. ருக்மணிதேவி பிறந்த அதே 1923ஆம் ஆண்டிலே பாரிஸ் நகரில் மறைந்த சாரா பேர்னார்ட்டை எண்ணிப் பாருங்கள். சமூகம் மதியாத தாயொருத்தியின் மகளாகப் பிறந்த அவரை உலகப் புகழ்பெற்ற நடிகையாக்கியதிலே அரசு நடத்திய நாடகப் பயிற்சிக் கல்லூரிக்கும் தேசிய நாடக அரங்குக்கும் பெரும் பங்குண்டு. அவர் முதன்முதலாகத் தேசிய அரங்கில் ஏறியது 1862இல்; பிரெஞ்சு அரசின் உயர் விருது அவரை வந்தடைந்தது 1914இல். அதற்குள் அரை நூற்றாண்டு கழிந்திருந்தது. எனினும் பயிற்சியின் கதவு அவருக்கு இளமையிலேயே திறந்திருந்தது. திறமை வித்தாகலாம், மண்ணும் நீரும் நிறுவனங்களே.

இனி ஊவாவைப் பாருங்கள். 1924இல் பதுளைக்குப் புகையிரதம் வந்து சேர்ந்தது. அது வந்தது தேயிலையை இறக்குவதற்கு. பசறையிலும் லுணுகலையிலும் பிறந்த சிறுமிகளை மேடைக்கு அழைத்துச் செல்வதற்கன்று. தோட்டங்களிலே கலை இல்லாமற் போகவில்லை. மாசி மாதத்தில் காமன் கூத்து நடந்தது. பொன்னர் சங்கரும் அருச்சுனன் தபசும் விடிய விடிய ஆடப்பட்டன. ஆனால் காமன் கூத்திலே இரதியாக வேடமிடுபவனும் ஆண்தான், அதுவே மரபு. பகலெல்லாம் கொழுந்துக் கூடை சுமந்த பெண், தன் துயரத்தை ஆணொருவன் சேலையுடுத்து ஆடுவதைத் தரையிலமர்ந்து பார்த்தாள். தாலாட்டும் ஒப்பாரியும் அவளுடையவை, அரங்கு அவளுடையதன்று.

திரைப்படமும் இக்கதையை மாற்றவில்லை. 1963இல் ‘தோட்டக்காரி’ வந்தது. 1975இல் தொழிற்சங்கவாதி வீ. பி. கணேசனின் ‘புதிய காற்று’ வந்தது. பதுளை மண் ஈன்ற தெளிவத்தை ஜோசப் அதன் எழுத்திலே பங்குகொண்டார். இவை போற்றத்தக்க முயற்சிகள். மலையக வாழ்வு அங்கு கதைப்பொருளாயிற்று. ஆனால், ஊவாவின் லயமொன்றிற் பிறந்து, இந்நாட்டுத் திரையிலே முதன்மைப் பாத்திரம் ஏற்றுப் புகழ்பெற்ற ஒரு பெண்ணின் பெயரைக் கூறுங்கள் என்று கேட்டால், இவ்வாசகர்களுள் எத்தனை பேர் விடையளிப்பர்? நமது வாழ்வு பிறர் நடிக்கும் கதையாகவும், நாம் அதனைப் பார்க்கும் கூட்டமாகவுமே நின்றுவிட்டோம்.

இதற்குத் தோட்ட நிர்வாகத்தையும் அரசையும் மாத்திரம் குற்றஞ்சாட்டி நாம் தப்பித்துக்கொள்ள இயலாது. என்னோடு பயின்ற மாணவியொருத்தி தமிழ் மொழித் தினப் போட்டிக்கான நாடகத்திலே தாய்ப் பாத்திரமேற்றாள். ஒத்திகையைப் பார்க்க வந்த கொழுந்துக்காரப் பெண்கள் கூடையை இறக்கி வைக்க மறந்து நின்றனர். நாடகம் அடுத்த சுற்றுக்குத் தெரிவாயிற்று. வெளியூரில் ஓர் இரவு தங்கவேண்டியிருந்தது. ‘கூத்தாடவா பிள்ளை பெற்றோம்?’ என்று வீட்டில் கேட்டார்கள். பாடசாலையிலும் எவரும் அவளுக்காக வாதாடவில்லை. வேறொரு மாணவியைப் போட்டுச் சமாளித்தனர். அடுத்த ஆண்டு அவள் கொழும்பிலே ஒரு வீட்டில் வேலைக்காரியாகச் சென்றாள். நாடகத்துக்கு ஓர் இரவு வெளியூரில் தங்குவது மானக்கேடு. அந்நியர் வீட்டுச் சமையலறையிலே ஆண்டுக்கணக்காக உறங்குவது மானக்கேடன்று! அவளைத் தடுத்த அதே வீட்டின் சுவரிலே நடிகையின் படம் போட்ட நாட்காட்டி தொங்கியது. இந்த இரட்டை வேடத்தை விடவா காமன் கூத்தின் வேடம் பெரிது?

இங்கே ஒரு மறுப்பு எழும் என்பதை அறிவேன். ‘வயிற்றுக்கில்லாதவர்க்கு நாடகம் எதற்கு? முதலிற் சம்பளம், வீடு, காணி. பின்னரே கலை’ என்பர் நண்பர்கள் சிலர். நாட்சம்பளம் ஆயிரம் ரூபா என்பதே 2021ஆம் ஆண்டில்தான் வர்த்தமானியில் ஏறியது. 2014ஆம் ஆண்டு ஒக்ரோபரில் கொஸ்லந்தை மீரியபெத்தையில் மலை சரிந்து லயங்களை மூடியது. இவற்றை அறியாமல் நான் பேசவில்லை. அந்த மண்ணின் ஈரம் இன்னும் என் காலில் இருக்கின்றது. ஆனால் ‘முதலில் இது, பின்னர் அது’ என்னும் வாதத்தை யார் யாருக்குச் சொல்வது வழக்கம் என்று பாருங்கள். நமக்குப் பள்ளிக்கூடம் தேவையில்லை, கொழுந்து பறிக்க எழுத்தறிவு எதற்கு என்று துரைமார் கூறியதும் இதே வாதந்தான். தன் துயரைத் தன் குரலாற் சொல்லத் தெரியாத சமூகத்தின் சம்பளக் கோரிக்கையும் பிறரது குரலிலேயே ஒலிக்கும். பிறரது வசதிக்கேற்ப அடங்கும். அரங்கிலே பேசப் பழகிய பெண் பேச்சுவார்த்தை மேசையிலும் பேசுவாள்.

சிங்களத் திரையைத் தமதே என உரிமை கொண்டாடுவோருக்கும் ஒரு சொல். ருக்மணிதேவி மறைந்து ஐந்து ஆண்டுகள் கூட நிறைவுறா முன், 1983ஆம் ஆண்டு யூலையில், சிங்களப் படங்களை நெறிப்படுத்திய கே. வெங்கட் கொல்லப்பட்டார், ஹெந்தளையிலிருந்த விஜயா ஸ்ரூடியோ எரிந்தது. எந்தக் கைகளின் உழைப்பாலே அந்தத் திரை ஒளிபெற்றதோ அந்தக் கைகளையே இனவெறி சுட்டது. ஒரு நடிகையின் குரலை நேசித்தும் அக்குரலை உருவாக்கிய கூட்டுறவை வெறுக்க முடியும் என்பதற்கு இதனைவிடக் கொடிய சான்று தேவையில்லை. அதே பிழையை நாம் மறுபுறத்தில் நின்று செய்ய வேண்டாம். ‘அவர் எங்களவர்’ என்று இரு பக்கத்தாரும் இழுக்கும்போது கிழிவது அவரது வாழ்வே.

அந்த வாழ்வு எவ்வாறு முடிந்தது? 1978ஆம் ஆண்டு ஒக்ரோபர் 28ஆந் திகதி, மாத்தறையில் இசை நிகழ்ச்சியொன்றிற் பாடிவிட்டு நீர்கொழும்பிலுள்ள தம் இல்லத்துக்குத் திரும்பும் வழியில், ஜாஎலை அருகே துடெல்லையில், வாகன விபத்தில் அவர் உயிர் நீத்தார். வயது 55. முப்பது ஆண்டுகளுக்கு மேலாக நாட்டின் முதல் நடிகையெனப் போற்றப்பட்டவர், இறுதி இரவிலும் மேடையில் நின்று பாடிவிட்டே வந்தார். அவரது மரணத்திலே நான் காண்பது ஓர் உழைப்பாளியின் மரணத்தை. நாம் அவரோடு உறவு கொண்டாட வேண்டுமாயின் இந்த இடத்திலே கொண்டாடலாம்: இரத்தத்தால் அன்று, உழைப்பால்.

ஆகவே, பல்கலைக்கழகத் தமிழ் மாணவரிடமும் விரிவுரையாளரிடமும் நான் வேண்டுவது இதுவே. றம்பொடையின் பெயரைச் சொல்லிக் கைதட்டல் பெறுவதை நிறுத்துவோம். நமது சங்கங்கள் நாடக விழாவைப் பல்கலைக்கழக மண்டபத்தோடு முடித்துக்கொள்ளாமல், பதுளைக்கும் பண்டாரவளைக்கும் மடூல்சீமைக்கும் கொண்டு செல்லட்டும். விடுமுறையிலே ஊர் திரும்பும் மாணவர் தத்தம் தோட்டப் பாடசாலையில் ஒரு நாடகப் பட்டறையேனும் நடத்தட்டும். காமன் கூத்திலே இரதியாக ஒரு பெண் ஆடட்டும். மரபு அதனாற் செத்துவிடாது. வெளியூரிலே ஓர் இரவு தங்க வேண்டிய பிள்ளைக்குத் துணையாக ஓர் ஆசிரியை செல்லட்டும். அவளது வீட்டுக்குச் சென்று வாதாட ஒருவரேனும் இருக்கட்டும்.

1947ஆம் ஆண்டின் வாக்குறுதியை உடைத்தவர்கள் ஆட்சியாளர்கள். என் தோழிக்கு அளித்திருக்க வேண்டிய வாக்குறுதியை உடைத்தவர்கள் நாம். முன்னதற்கு நியாயம் கேட்கும் உரிமை நமக்குண்டு. பின்னதற்குப் பதில் சொல்லும் கடமையும் நமக்குண்டு.