கட்டியக்காரன் இல்லாம கூத்து ஏது?



ஒரு மனுஷர் நானூறு படத்துக்கு மேல நடிச்சிருக்கார். மூஞ்சியைப் பார்த்தாலே வீட்ல எல்லாருக்கும் தெரியும். ஆனா அவரைப் பத்திப் பேச்சு வந்தா, "பாவம், கடைசி வரைக்கும் ஹீரோ ஆகாமலே போய்ட்டார்"னு ஒரு உச்சுக் கொட்டுவோம். நான் டெல்லி கணேஷைச் சொல்றேன். 2024 நவம்பர் 9-ந்தேதி, எண்பது வயசுல காலமானார். அந்தப் 'பாவம்' அவருக்குத் தேவையில்லைங்கறது என் கட்சி.

எங்க ஆரணி, செய்யாறு பக்கமெல்லாம் தெருக்கூத்து பூமி. திரௌபதி அம்மன் கோயில்ல பாரதம் நடந்தா விடிய விடிய கூத்து இருக்கும். அதுல துரியோதனன் வேஷம் கட்டினவர் தன் கட்டம் முடிஞ்சா உள்ள போய் உட்கார்ந்துக்கலாம். கட்டியக்காரனுக்கு அது முடியாது. ராஜாவை நிக்க வெச்சு "நீங்க யாரு?"ன்னு கேட்டு சபைக்குக் காட்டுறது அவன்தான். அப்புறம் சேவகனாவான், தூதனாவான், நடுவுல ஊர்க்கதை பேசி சிரிக்க வைப்பான். கட்டியக்காரன் சொதப்பினா அன்னிக்குக் கூத்தே போச்சுன்னு கிழவிங்க கூடச் சொல்லிடுவாங்க. அவனைப் பார்த்து "பாவம், ராஜா வேஷம் கிடைக்கலையே"ன்னு எங்க ஊர்ல யாரும் சொல்றதில்லை.

டெல்லி கணேஷ் சினிமாவோட கட்டியக்காரன். திருநெல்வேலிச் சீமைக்காரர். 1964-லிருந்து பத்து வருஷம் விமானப்படையில வேலை. டெல்லியில தட்சிண பாரத நாடக சபாவுல நாடகம் போட்டார். சென்னைக்கு வந்து காத்தாடி ராமமூர்த்தி குழுவில நடிச்சார். 1977-ல பாலசந்தர் 'பட்டினப் பிரவேசம்' படத்துல கொண்டு வந்து, பேருக்கு முன்னாடி டெல்லியையும் சேர்த்து விட்டார்.

அதுக்கப்புறம் அவர் போட்ட வேஷத்தைப் பாருங்க. 'பசி'யில (1979) ரிக்‌ஷாக்காரர். 'நாயகன்'ல (1987) வேலு நாயக்கர் பக்கத்துலயே நிக்கிற ஐயர். 'அபூர்வ சகோதரர்கள்'ல (1989) நாலு வில்லன்ல ஒருத்தர். அடுத்த வருஷமே 'மைக்கேல் மதன காமராஜன்'ல பாலக்காட்டுச் சமையல்காரர். வயசான காலத்துல யூடியூப் பசங்க கூப்பிட்டப்பவும் போய் நடிச்சுக் கொடுத்தார். மூஞ்சி அதேதான், ஆள் மட்டும் வேற வேற.

'சிந்து பைரவி' (1985) ஞாபகம் இருக்கா? குடிச்சிட்டு வந்த மிருதங்கக்காரரை ஜே.கே.பி. கச்சேரிக்கு வேண்டாம்னு அனுப்பிடுவார். அந்த மிருதங்கக்காரர் டெல்லி கணேஷ். அவர் அங்க கூனிக் குறுகி நிக்கிறதுலதான் ஜே.கே.பி.யோட கர்வம் நமக்குத் தெரியுது. பின்னாடி அதே ஜே.கே.பி. குடியில விழும்போது, முதல்ல வெளிய போன அந்த மனுஷரோட மூஞ்சிதான் மனசுல வருது. ஹீரோவோட உயரத்தையும் பள்ளத்தையும் அளந்து காட்டுன கோல் அவர். இதையா துணை வேஷம்னு தள்ளுறது?

ஆரணிப் பட்டும் இப்படித்தாங்க. நீங்க கடையில பார்க்குறது ஜரிகை முந்தானை. அது உங்க கைக்கு வர்றதுக்குள்ள நூலை முறுக்கினவங்க, சாயம் போட்டவங்க, பழைய பாவோட புதுப் பாவை இழை இழையாப் பிணைச்சவங்க, தறியில உட்கார்ந்து நெஞ்சவங்கன்னு பல கை பட்டிருக்கும். பையில கடைக்காரர் பேரு மட்டும் இருக்கும். சினிமாவுலயாவது டைட்டில்ல பேரு ஓடும்.

பிள்ளைங்க கிட்ட "முதல் ஆளா வரணும்"னு மட்டும் சொல்லி வளர்க்கிறோம். அப்புறம் தறியிலயும் ஏர்லயும் உட்கார ஆள் இல்லைன்னு புலம்புறோம். எல்லாரும் முந்தானையா இருக்க ஆசைப்பட்டா உடம்புச் சேலையை யார் நெய்யறது?

ஒண்ணு மட்டும் தப்பா எடுத்துக்காதீங்க. கூலி பத்தாம கிடக்குறதைப் பெருமைன்னு நான் சொல்லலை. மரியாதை வேற, கூலி வேற, ரெண்டும் வேணும். மாலை மரியாதை மட்டும் குடுத்து அனுப்பினா நெசவாளி வீட்ல அடுப்பு எரியாது, கூத்தாடி வீட்லயும் எரியாது.

அதனால இந்த மாதிரி ஒரு கலைஞரையோ தொழிலாளியையோ பார்த்தா "பாவம், பெரிய ஆளா வரலையே"ன்னு சொல்லாதீங்க. "செஞ்ச வேலைக்குக் காசு சரியாக் குடுத்தாங்களா?"ன்னு கேளுங்க. அவங்களுக்கு அதுதான் வேணும்.