கதையை முடித்த பிள்ளையிடம் என்ன கேட்கிறோம்?



இது ஒரு மின்விளையாட்டைப் பற்றிய கட்டுரை. தமிழ்ப்பள்ளி ஆசிரியைக்கும் மின்விளையாட்டுக்கும் என்ன தொடர்பு என்று சிலர் நினைக்கலாம். சில மாதங்களுக்கு முன்புவரை நானும் அப்படித்தான் நினைத்திருந்தேன்.

ஒரு பள்ளி விடுமுறை நாள். கிள்ளானில் எங்கள் வீட்டுச் சாப்பாட்டு மேசையில் வகுப்புசார் மதிப்பீட்டுப் பதிவுகளைப் பரப்பி வைத்துக்கொண்டு அமர்ந்திருந்தேன். ஐந்தாம் ஆண்டில் பயிலும் என் மகன் கூடத்திலிருந்து கூப்பிட்டான்.

"அம்மா, கதை முடியப் போவுது. வந்து பாருங்க."

"இதோ வர்றேன்யா" என்றேன். போகவில்லை. இன்னும் இருமுறை கூப்பிட்டான். அதே விடையைச் சொன்னேன். அரைமணி நேரம் கழித்துப் போனபோது திரை அணைந்திருந்தது. பிள்ளை நாற்காலியில் சுருண்டு கிடந்தான். கண்கள் சிவந்திருந்தன.

"தோத்துட்டியா?" என்று கேட்டேன்.

"இல்லம்மா, ஜெயிச்சிட்டேன். ஆனா ஆர்வனோட அம்மா கடைசி வரைக்கும் வரவே இல்ல."

நான் சிரித்துவிட்டேன். "விளையாட்டுக்கெல்லாமா அழுவாங்க?" என்றும் சொல்லிவிட்டேன். அவன் எழுந்து அறைக்குள் போய்விட்டான். அந்தச் சிரிப்பு தவறு என்பதை உணர எனக்கு இரண்டு நாள் ஆயிற்று. அதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

தீப்பெட்டிக்குள் ஒரு சிலந்தி

அவன் முடித்த விளையாட்டின் பெயர் 'போக்கிமோன் ஸ்கார்லெட்'. போக்கிமோன் நமக்குப் புதிய பெயரன்று. 1996ஆம் ஆண்டு பிப்ரவரி 27இல் சப்பானில் 'கேம் பாய்' என்னும் கையடக்கக் கருவிக்காக இதன் முதல் விளையாட்டுகள் வெளிவந்தன. காட்டிலும் புல்வெளியிலும் வாழும் விந்தை உயிரிகளைத் தேடிப் பிடித்து, பழக்கி, வளர்த்து, மற்றவர்களின் உயிரிகளோடு மோதவிட வேண்டும். விளையாட்டின் அடிப்படை இவ்வளவுதான்.

இதை உருவாக்கிய சத்தோசி தாசிரி, தோக்கியோவின் புறநகரான மச்சிடாவில் வளர்ந்தவர். சிறுவனாக இருந்தபோது வயல்களிலும் குளங்களிலும் பூச்சி பிடித்துத் திரிந்தவர். நகரம் பெருகி அந்த இடங்கள் மறைந்தன. பூச்சி பிடிக்கும் இன்பத்தை இனி வரும் பிள்ளைகளுக்கும் கொடுக்க வேண்டும் என்னும் எண்ணமே போக்கிமோனாக வளர்ந்தது.

இதைப் படித்தபோது எனக்குத் தோட்டப்புறத்து நாள்கள் நினைவுக்கு வந்தன. என் அண்ணன்மார் இலைகளை விலக்கிச் சண்டைச் சிலந்தியைத் தேடுவார்கள். பிடித்ததைத் தீப்பெட்டிக்குள் ஓர் இலைத் துண்டோடு அடைத்துச் சட்டைப் பையில் வைத்துக்கொள்வார்கள். ஓய்வு நேரத்தில் இரு தீப்பெட்டிகள் திறக்கப்படும். வென்ற சிலந்திக்குப் பெயரும் உண்டு, புகழும் உண்டு. சண்டை மீன் வளர்த்தவர்கள் இன்னும் பெரிய ஆள்கள். 'படிக்கிற பிள்ளை செய்கிற வேலையா இது' என்று அன்றும் பெரியவர்கள் திட்டினார்கள். அந்தத் தோட்டங்களில் பல இன்று வீடமைப்புப் பகுதிகளாகிவிட்டன. அடுக்குமாடியில் வளரும் என் மகனுக்குச் சிலந்தி கிடைக்காது. அவனுக்குக் கிடைத்தது இந்தத் தீப்பெட்டி.

பள்ளிக்கூடத்தில் தொடங்கும் கதை

'ஸ்கார்லெட்', 'வயலட்' என்னும் இரட்டை விளையாட்டுகள் நிண்டெண்டோ ஸ்விட்ச் கருவிக்காக 2022 நவம்பர் 18இல் வெளிவந்தன. முதல் மூன்று நாளிலேயே உலகமெங்கும் ஒரு கோடிப் படிகள் விற்றதாக நிறுவனம் அறிவித்தது. தொடக்கத்தில் மென்பொருள் கோளாறுகள் மலிந்திருந்ததால் நிறுவனம் வருத்தமும் தெரிவித்தது. ஆனால், என்னை வியக்க வைத்தது வேறொன்று. இந்தக் கதை ஒரு பள்ளிக்கூடத்தில் தொடங்குகிறது.

பால்டியா என்னும் நாட்டில் ஒரு கல்விக்கழகம். அங்கே மொழி, கணிதம், வரலாறு, உயிரியல், ஓவியம் எல்லாம் கற்பிக்கப்படுகின்றன. தேர்வும் உண்டு. எல்லா வயதினரும் மாணவராகச் சேரலாம். தலைமையாசிரியர் கிளாவெல் மாணவர்களுக்கு ஒரு பணியைத் தருகிறார்: வெளியே போங்கள், உங்களுக்கான புதையலை நீங்களே கண்டுபிடியுங்கள். அதன்பின் மூன்று கதைவழிகள் திறக்கின்றன. எந்த வரிசையிலும் போகலாம்.

முதல் வழி வெற்றியின் வழி. எட்டுப் பயிற்சிக்கூடத் தலைவர்களை வென்று எட்டு முத்திரைகளைப் பெற்று, வாகையர் நிலையை அடைய வேண்டும். நம் பெற்றோருக்கு இந்த வழி நன்றாகவே புரியும். எட்டு பாடம், எட்டு 'ஏ'.

இரண்டாவது வழி, பள்ளிக்கு வராத மாணவர்களைப் பற்றியது. 'டீம் ஸ்டார்' என்னும் குழு பள்ளிக்கு மட்டம் போட்டுவிட்டு ஐந்து முகாம்களில் அடைந்து கிடக்கிறது. எல்லாரும் அவர்களைப் போக்கிரிகள் என்கிறார்கள். கலைந்து போகாவிட்டால் பள்ளியைவிட்டு நீக்கப்படுவார்கள் என்பதே நிலை. தலைமையாசிரியருக்கோ உண்மையை அறியவேண்டும் என்று தோன்றுகிறது. மாணவன்போல் வேடமிட்டுக்கொண்டு அவரே கிளம்புகிறார். கடைசியில் தெரிகிறது: அவர்கள் பகடிவதைக்கு ஆளான பிள்ளைகள். தங்களைக் காத்துக்கொள்ளவே ஒன்று சேர்ந்தவர்கள். அவர்கள் தரப்பை அதுவரை பள்ளி கேட்கவே இல்லை.

இதை என் மகன் சொல்லக் கேட்டபோது சற்று நேரம் பேசாமல் இருந்தேன். இத்தனை ஆண்டுப் பணியில், மட்டம் போடும் மாணவனிடம் 'ஏன் வரவில்லை?' என்று எத்தனையோ முறை கேட்டிருக்கிறேன். விடையைக் காத்திருந்து கேட்டது எத்தனை முறை?

ஐந்து சுவையும் ஆறாவதும்

மூன்றாவது வழிதான் ஆர்வனுடையது. அவன் அந்தப் பள்ளியின் மாணவன். அவனுடைய தாய் சாடா ஒரு பேராசிரியர். நாட்டின் நடுவே உள்ள மாபெரும் பள்ளத்தின் அடியில் ஆய்வுக்கூடம் அமைத்து அங்கேயே தங்கிவிட்டவர். ஆர்வன் தனியே வளர்ந்தவன். அவனுக்குத் துணையாக இருந்த நாய் போன்ற உயிரி, அந்தப் பள்ளத்தில் படுகாயமடைந்து கண் திறக்க முடியாமல் கிடக்கிறது. அதைக் குணப்படுத்த ஐந்து மூலிகைகளைத் தேடுகிறான். ஒவ்வொன்றையும் ஒரு பேருயிரி காக்கிறது. கிடைத்த மூலிகையை வைத்து அவனே சமைத்து நாய்க்கு ஊட்டுகிறான். அது மெல்ல மெல்லத் தேறுகிறது.

அந்த மூலிகைகள் இனிப்பு, புளிப்பு, உவர்ப்பு, கசப்பு, கார்ப்பு என்று சுவையால் பெயர் பெற்றவை. "அம்மா, அறுசுவையில துவர்ப்ப மட்டும் விட்டுட்டாங்க" என்றான் மகன். நான் வகுப்பில் கற்பித்த அறுசுவை, என் வீட்டிலேயே, நான் வெறுத்த விளையாட்டுக்குள்ளே உட்கார்ந்திருந்தது.

மூன்று வழிகளும் முடிந்தபின் கடைசிக் கதை திறக்கிறது. 'வீட்டுக்குப் போகும் வழி' என்பது அதன் பெயரின் பொருள். நான்கு பிள்ளைகள் பள்ளத்தில் இறங்குகிறார்கள். அங்கே சாடா நிற்கிறார். ஆனால் அது சாடா அன்று. அவரைப் போலவே செய்யப்பட்ட செயற்கை அறிவு இயந்திரம். உண்மையான தாய் முன்பே ஒரு விபத்தில் இறந்துவிட்டார். இத்தனை நாள் பேசியதெல்லாம் இயந்திரம். ஆய்வுக்கூடத்தின் கால இயந்திரத்தை நிறுத்துவதற்காக அந்தச் செயற்கைத் தாயும் தொல்பழங்காலத்துக்குப் போய்விடுகிறது. நான்கு பிள்ளைகளும் பேசிக்கொண்டே வீடு திரும்புகிறார்கள். கதை முடிகிறது.

பதினொரு வயதுப் பிள்ளை இதைப் பார்த்துவிட்டு, மூன்று முறை கூப்பிட்டும் வராத தன் தாயை நினைத்திருப்பானா? நான் கேட்கவில்லை. கேட்கத் துணிவில்லை.

நாம் கேட்கும் கேள்விகள்

பிள்ளை ஒரு விளையாட்டின் கதையை முடித்துவிட்டு வந்தால் நாம் என்ன கேட்கிறோம்? 'வீட்டுப்பாடம் முடித்தாயா?' என்று கேட்கிறோம். 'எத்தனை மணி நேரம் விளையாடினாய்?' என்று கேட்கிறோம். அதே பிள்ளை ஒரு கதைநூலைப் படித்து முடித்தால் 'கதை என்ன?', 'உனக்குப் பிடித்த கதைமாந்தர் யார்?', 'படிப்பினை என்ன?' என்று கேட்டு, நீலாம் வாசிப்புப் பதிவேட்டில் எழுதச் சொல்கிறோம். இரண்டுமே கதைதான். ஏறத்தாழ 30 மணி நேரம் ஒரு பிள்ளை ஒரே கதைக்குள் இருந்து, ஆயிரக்கணக்கான வரிகளைப் படித்து, முடிவுவரை போயிருக்கிறான். அதைப் பற்றி ஒரு கேள்விகூட அவனிடம் கேட்க நமக்குத் தோன்றுவதில்லை.

திருக்குறளில் 'கல்வி' நாற்பதாவது அதிகாரம். இரண்டு அதிகாரம் தள்ளி 42ஆவதாக வருவது 'கேள்வி'. அதைப் பிள்ளைகளுக்குரியதாகவே கற்பித்து வந்தேன். அது முதலில் எனக்கு உரியது.

பள்ளி திறந்ததும் ஒரு சோதனை செய்தேன். பேச்சுப் பயிற்சியின்போது, "ஏதேனும் ஒரு விளையாட்டின் கதையை முடித்தவர் யார்?" என்று கேட்டேன். ஏதோ தண்டனை என்று எண்ணி முதலில் யாரும் கையுயர்த்தவில்லை. பிறகு ஐந்து கைகள் எழுந்தன. அதில் ஒருவன், கட்டுரை என்றால் அரைப் பக்கத்தைத் தாண்டாதவன். அவன் முடித்த கதையை எழுதித் தரச் சொன்னேன். இரண்டு பக்கம் எழுதினான். ஒற்றுப்பிழை ஏராளம். ஆனால் 'ஆனாலும்', 'அதற்குள்', 'அப்போதுதான் தெரிந்தது' என்று கதைக்கு வேண்டிய இணைப்புச் சொற்களெல்லாம் தாமாகவே வந்து விழுந்திருந்தன. நான் அவற்றைக் கற்பிக்கப் பாடநூலோடு எத்தனை நாள் போராடியிருக்கிறேன்!

மறுப்போருக்கு

'ஆசிரியையே பிள்ளைகளைக் கெடுக்கிறாரே' என்று சிலர் சொல்லக்கூடும். அவர்களுக்கு என் விடை இது.

முதலாவது, அளவு வேண்டும். எங்கள் வீட்டில் பள்ளி நாளில் விளையாட்டு இல்லை. விடுமுறை நாளில் நேரக் கட்டுப்பாடு உண்டு. கண்ணும் உறக்கமும் எந்தக் கதையைவிடவும் பெரியவை.

இரண்டாவது, எல்லா விளையாட்டும் ஒன்றன்று. முடிவே இல்லாமல் பணத்தைக் கேட்டுக்கொண்டே இருக்கும் கைப்பேசி விளையாட்டுகள் பல. கதை உள்ள விளையாட்டுக்கு ஒரு முடிவு உண்டு. முடித்துவிட்டு எழுந்து போகலாம். இந்த வேறுபாட்டைப் பெற்றோர் அறிந்திருக்க வேண்டும்.

மூன்றாவது, வசதி எல்லாருக்கும் இல்லை. கருவியின் விலையும் விளையாட்டின் விலையும் பி40 குடும்பத்துக்கு எட்டாதவை. அதனால் நான் யாரையும் வாங்கச் சொல்லவில்லை. வைத்திருக்கும் பிள்ளையிடம் பேசுங்கள் என்றுதான் சொல்கிறேன்.

நான்காவது மொழி. எனக்கு மிகவும் வலிப்பது இதுதான். அந்த விளையாட்டு ஒன்பது மொழித் தெரிவுகளோடு வந்தது. சப்பானியம், ஆங்கிலம், கொரியம், இருவகைச் சீன எழுத்து, ஐரோப்பிய மொழிகள் நான்கு. தமிழ் இல்லை. நம் தேசியமொழியும் இல்லை. என் மகன் ஆங்கிலத்தில்தான் அழுதான். கிள்ளானிலிருந்து பிரிக்பீல்ட்சுக்குக் கொமுட்டரில் போகும்போது, பெட்டியில் இருக்கும் நம் பிள்ளைகளைப் பாருங்கள். கையில் திரை, திரையில் ஆங்கிலம். அந்தத் திரையைப் பிடுங்கினால் தமிழ் வந்துவிடாது. திரையில் கண்டதைத் தமிழில் சொல்லச் சொன்னால், அங்கேயாவது தமிழ் வரும். 'துவர்ப்ப விட்டுட்டாங்க' என்று அவன் தமிழில் சொன்னானே, அந்த ஓர் இடத்தில் அந்த விளையாட்டு தமிழுக்கு வந்துவிட்டது.

முடிவாக

இரண்டு நாள் கழித்து மகனிடம் மன்னிப்புக் கேட்டேன். "அன்னிக்கு நான் சிரிச்சிருக்கக் கூடாதுய்யா. அந்தக் கதைய முதல்லேர்ந்து சொல்லு" என்றேன். ஒன்றரை மணி நேரம் சொன்னான். மதிப்பீட்டுப் பதிவுகள் அன்று காத்துக்கிடந்தன. ஒன்றும் கெட்டுப்போகவில்லை.

பிறகு அவனே அந்தக் கருவியில் என் பெயரில் ஒரு புதுக் கணக்கைத் தொடங்கிக் கொடுத்தான். நானும் இப்போது அந்தக் கல்விக்கழகத்தில் ஒரு மாணவி. சனிக்கிழமை மாலையில் அரைமணி நேரம். இதுவரை மூன்று முத்திரைகள். நான் தப்பான உயிரியை அனுப்பும்போதெல்லாம் பக்கத்தில் அமர்ந்து தலையில் அடித்துக்கொள்கிறான். நான் முடிக்க இன்னும் எத்தனை மாதம் ஆகுமோ தெரியாது. முடிக்கும்போது அவனைத்தான் கூப்பிடுவேன். அவன் வந்துவிடுவான் என்றுதான் நினைக்கிறேன்.

ஆசிரிய நண்பர்களே, பெற்றோர்களே, இன்று உங்கள் பிள்ளை "முடிச்சிட்டேன்" என்று சொல்லிக்கொண்டு வந்தால், கையிலிருக்கும் வேலையை ஒரு நிமிடம் கீழே வைத்துவிட்டு, "கதை என்ன?" என்று கேட்டுப் பாருங்கள். கேட்டவர்கள் என்ன கிடைத்தது என்பதை எனக்கும் சொல்லுங்கள்.